ஆடியில் கிளம்பாத டிராக்டர்

கோவில்பட்டி,
ஆடி 29, வியாழக்கிழமை.

பூனாவில் சகல சௌபாக்கியங்களோடும் வாழ்ந்துவரும் மாப்பிள்ளை திரு. செல்வகணேஷ் அவர்களுக்கு, மாமனார் நவநீதகிருஷ்ணன் ஆசியுடன் எழுதிக்கொண்டது. நானும் உங்கள் அத்தை மீனாட்சியம்மாளும் செண்பகவல்லியம்மன் புண்ணியத்தில் சுகம். மழைதான் இல்லை, அது வழக்கம். நீங்களும் மகள் சத்யபிரியாவும் நலம் என்பது தினமும் போனில் தெரிகிற விஷயம்தான். ஆனாலும் கடிதம் என்று எழுதினால் கேட்காமல் விடக்கூடாது என்பதால் கேட்கிறேன். நலம்தானே?

இதோடு வரும் பெட்டியில் இரண்டு கிலோ கடலைமிட்டாய் இருக்கிறது. முதலில் ஒரு துண்டை வாயில் போட்டுக்கொண்டு, அதன் பிறகு மேலே படிக்கவும். வாயில் கடலைமிட்டாய் இருந்தால் கோபம் வந்தாலும் உடனே பேச முடியாது. இதைப் போனிலேயே சொல்லியிருக்கலாமே என்பீர்கள். போனில் உங்களிடம் பேச எனக்கு வராது. 'சாப்பிட்டாச்சா, அங்கன மழை உண்டா' என்ற இரண்டு கேள்விகளோடு என் கைச்சரக்கு தீர்ந்துவிடும். மாப்பிள்ளையிடம் நாலு வார்த்தைக்கு மேல் பேசுவது மரியாதை இல்லை என்று வளர்ந்தவன் நான். அதுவே வினையாகிவிட்டது.

ஆடிக்கு நாங்கள்தான் உங்களுக்குச் சீர் செய்யவேண்டும். இந்த வருடம் தலைகீழாக நீங்கள் எங்களுக்குக் கம்ப்யூட்டர் அனுப்பினீர்கள். ஆடி மூன்றாம் தேதி சனிக்கிழமை பெட்டி வந்து இறங்கியது. உள்ளே விவசாய விளையாட்டும் நீங்களே போட்டு அனுப்பியிருந்தீர்கள். "மாமா, ஆளுக்குப் பாதி நிலம். நீங்க அங்கிருந்து டிராக்டர் ஓட்டுங்க, நான் இங்கிருந்து ஓட்டுறேன். ஞாயிற்றுக்கிழமை தோறும் சாயங்காலம் அஞ்சு மணி" என்றீர்கள். நான் "சரிங்க மாப்பிள்ளை" என்று மட்டும் சொன்னேன். உள்ளே எவ்வளவு சந்தோஷம் என்று சொல்லவில்லை. விளாத்திகுளம் பக்கம் எங்களுக்குக் கொஞ்சம் கரிசல் இருந்தும், பஞ்சாலையில் டைம் கீப்பராகச் சேர்ந்துவிட்டதால் நான் டிராக்டரில் ஏறி உட்கார்ந்ததே கிடையாது. அறுபத்து நாலு வயதில் ஒருவர் நிலமும் கொடுத்து, டிராக்டரும் கொடுத்து, கூட உழவும் வருகிறேன் என்கிறார், அவரே மாப்பிள்ளையாகவும் இருக்கிறார் என்றால் யாருக்குக் கிடைக்கும்?

பெட்டியைப் பிரிக்கும்போதே உங்கள் அத்தை வந்து நின்றாள். "ஆடியில புதுசா ஒண்ணைத் தொடங்குனா வெளங்குமா? ஆவணி பொறக்கட்டும், நல்ல நாளாப் பாத்துத் தொறங்க" என்றாள். "மாப்பிள்ளை நாளைக்கே அஞ்சு மணிக்கு வாரேன்னு சொல்லியிருக்காவ" என்றேன். இரண்டு பேச்சும் நியாயம். ஆகவே இரண்டு பேர் வாக்கும் கெடாமல் நாங்களே ஒரு வழி கண்டுபிடித்தோம். அது என்ன வழி என்பதைப் பின்னால் எழுதுகிறேன். இப்போதே எழுதினால் நீங்கள் கடிதத்தை மடித்து வைத்துவிடுவீர்கள்.

மறுநாள் ஞாயிறு, ஐந்து மணிக்குக் குளித்துத் திருநீறு பூசி உட்கார்ந்து டிராக்டர் படத்தைத் தட்டினேன். ஒரு வளையம் சுற்றியது. சுற்றிச் சுற்றி, தொடங்க முடியவில்லை என்று ஒரு சின்னக் கட்டம் வந்தது. அதில் இருந்த ஒரே பட்டன் 'சரி'. எது சரி என்று எனக்குப் புரியவில்லை. ஆனாலும் அமுக்கினேன், எல்லாம் மறைந்துவிட்டது. இப்படி அன்று மட்டும் முப்பது முறை 'சரி' சொல்லியிருப்பேன். என் கல்யாண வாழ்க்கையிலேயே ஒரே நாளில் அவ்வளவு முறை சொன்னதில்லை. நீங்கள் போன் செய்தபோது கரண்ட் இல்லை என்றேன். அது பொய். மாப்பிள்ளை ஆசையாக அனுப்பிய பொருள் ஓடவில்லை என்று மாமனார் வாயால் சொன்னால், சீரில் குறை கண்டுபிடித்த மாதிரி ஆகிவிடாதா?

பிறகு பசுவந்தனை ரோட்டில் கம்ப்யூட்டர் பழுதுபார்க்கும் பேச்சிராஜாவைக் கூட்டிவந்தேன். நல்ல பிள்ளை. வந்ததும் அணைத்துப் போட்டான். ஓடவில்லை. வைரஸ் தடுப்பைக் கழற்றிவிட்டுப் பார்த்தான், ஓடவில்லை. பெட்டியைத் திறந்து, அதற்குள் புகுந்துவிட்ட கரிசல் புழுதியை ஊதினான். புழுதி அவன் மூக்கில் ஏறி அரைமணி நேரம் தும்மினான், அப்போதும் ஓடவில்லை. "அட்மினா ஓட்டணும் அண்ணாச்சி, இந்த வீட்டுக்கு அட்மின் யாரு?" என்று கேட்டான். நான் அடுப்படியைக் காட்டினேன். கடைசியில் விளையாட்டையே அழித்துவிட்டு, அவன் கடையில் முழுதாக இறக்கி, ஒரு டிஸ்கில் எடுத்துவந்து புதிதாகப் போட்டான். அதே வளையம், அதே 'சரி'. "அண்ணாச்சி, மெசின்ல ஒரு கொறையும் கெடையாது, குதிர கணக்கா இருக்கு" என்றான். "குதிரை சரிப்பா, அது ஏன் லாயத்தைவிட்டு வெளிய வர மாட்டேங்குது?" என்றேன். அவன் உங்கள் அத்தை கொடுத்த முறுக்கைத் தின்றான். அந்த ஞாயிறு உங்களிடம், ரோட்டைத் தோண்டும்போது நெட் வயரை அறுத்துவிட்டார்கள் என்று சொன்னேன். ரோட்டைத் தோண்டியது உண்மை. வயர் அறுந்ததுதான் பொய்.

மூன்றாவது வாரம் அந்த விளையாட்டுக் கம்பெனிக்கே போனில் முறையாக ஒரு புகார் எழுதினேன். தமிழிலேயே பதில் வந்தது. 'அன்புள்ள விவசாயி, உங்கள் வலி எங்களுக்கு முக்கியம். கணினியைக் கொன்று மறுபடி பிறக்கச் செய்யவும்' என்று இருந்தது. அதைப் படித்துக் காட்டியதும் உங்கள் அத்தை பயந்துபோய் அம்மனுக்குப் பட்டுப்பாவாடை சாத்துவதாக வேண்டிக்கொண்டு, கம்ப்யூட்டர் பட்டனில் ஒரு குங்குமப் பொட்டும் வைத்துவிட்டாள். அன்று ஆடிப் பதினெட்டு. கோவிலுக்குப் போகிறோம் என்று உங்களிடம் சொன்னேன். போனோம், ஆனால் மூன்று மணிக்கே திரும்பிவிட்டோம்.

நாலாவது ஞாயிறுதான் மாட்டிக்கொண்டேன். இந்த முறை சத்யபிரியா பேசினாள். இசக்கிதுரை அண்ணாச்சியின் புது வீட்டுப் பால் காய்ச்சுக்குப் போகிறோம் என்றேன். "ஆடியில யாருப்பா பால் காய்ச்சுவா?" என்று கேட்டாள். அப்புறம் அவள் சொன்னதுதான் என்னை உலுக்கிவிட்டது. "அவிய ஒவ்வொரு ஞாயித்துக்கெழமயும் நாலரைக்கே டீயைக் குடிச்சிட்டு ஒக்காந்திருதாவ. நேத்து கேட்டாவ, ஒங்க அப்பாவுக்கு என்னைப் பிடிக்கலையோன்னு. கல்யாணத்துலயும் நாலு வார்த்தைதான் பேசுனாராம்." அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. இறங்கவில்லை என்றால், வழக்கத்தில் பாதி.

மாப்பிள்ளை, நான் உயிரோடு இருக்கிறேன் என்று பென்ஷன்காரர்களுக்கு வருடா வருடம் சான்று கொடுக்கவேண்டும். அதற்காக நேற்றுத் திங்கட்கிழமை இ-சேவை மையத்துக்குப் போனேன். அங்கே வேலை பார்க்கிற செல்வமாரி, எங்கள் மில்லில் இருந்த கண்ணுசாமி மகள். "என்ன டைம்கீப்பர் சார், உசுரோட இருக்கேன்னு எழுதிக் குடுக்க வந்த மூஞ்சியா இது?" என்று கேட்டாள். நான் சங்கதியைச் சொல்லி, அன்று காலையில் எடுத்துவைத்திருந்த கம்ப்யூட்டர் திரையின் போட்டோவைக் காட்டினேன். அவள் டிராக்டரைப் பார்க்கவில்லை, கட்டத்தைப் பார்க்கவில்லை. நேராகக் கீழ் மூலையைப் பெரிதாக்கினாள்.

"இந்தப் போட்டோ எப்ப எடுத்தது சார்?"

"இன்னைக்குக் காலையில."

"ஒங்க வீட்டுல செப்டம்பர் இருபதா? இங்கன ஆகஸ்டு பதினொண்ணுதான் ஆகுது."

இப்போது அந்த வழியைச் சொல்லிவிடுகிறேன். ஆடி மூன்றாம் தேதி அந்தக் கம்ப்யூட்டரில் தேதி தானாக அமைவதை நிறுத்திவிட்டு, நாற்பது நாள் முன்னால் தள்ளி ஆவணி பன்னிரண்டு, வளர்பிறை வியாழக்கிழமை, முகூர்த்த நாள் என்று நானே வைத்தேன். உங்கள் அத்தை காலண்டரைப் பார்த்துச் சொன்னாள், நான் அமுக்கினேன். மெசினைப் பொறுத்தவரை அது ஆவணியில்தான் தொடங்கியது. உங்களைப் பொறுத்தவரை சொன்ன ஞாயிறு. எவ்வளவு பொருத்தமான யோசனை என்று அன்று இருவரும் காப்பி குடித்துப் பாராட்டிக்கொண்டோம்.

செல்வமாரி விளக்கினாள். "வெளையாட்டுக் கம்பெனி கம்ப்யூட்டர் அங்கன இருந்து தேதியைச் சரிபாக்கும் சார். நாப்பது நாள் முன்னாடி நிக்குற மெசினைப் பாத்தா, இது ஏதோ திருட்டுத்தனம்னு உள்ள விடாது. நான் நாள் பூரா சர்டிபிகேட்டுல தேதிதான் பாக்குதேன், அதான் கண்ணுல பட்டுது." பேச்சிராஜாவுக்கு ஏன் படவில்லை என்று கேட்காதீர்கள். தேதி என்பது சுவரில் இருக்கும் பல்லி மாதிரி மூலையில் கிடக்கிறது, அதை யார் பார்ப்பார்கள்? என் வீட்டு அந்த அறையில் மட்டும் நாலு நாளாகப் புரட்டாசி நடந்துகொண்டிருந்திருக்கிறது. அது தெரியாமல் முந்தாநாள் அதன் முன்னால் உட்கார்ந்து கறிச்சோறு தின்றிருக்கிறேன்.

எழுந்து வரும்போது செல்வமாரி சொன்னாள், "எங்கப்பா நாலு நிமிசம் பிந்தி வந்தாருன்னு மில்லு கேட்டுலயே திருப்பி அனுப்புனது நீங்கதான சார்? அந்த நீங்களா நாப்பது நாளைத் தூக்கி அந்தப் பக்கம் வச்சிய?" எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. முப்பத்தோரு வருடம் யாருக்கும் ஒரு நிமிடம் கூட்டியதும் இல்லை, குறைத்ததும் இல்லை என்று பெயர் எடுத்தவன். அவள் சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். அவள் அப்பா இதைக் கேட்டால் ஒரு வாரம் சிரிப்பார் என்றும் சொன்னாள். சிரிக்கட்டும், அந்த நாலு நிமிடத்துக்கு நான் பட்ட கடன்.

வீட்டுக்கு வந்து தேதியைத் திருத்த உட்கார்ந்தேன். "அதுக்கும் நாள் பாக்க வேண்டாமா?" என்றாள் உங்கள் அத்தை. தப்பைத் திருத்த நாள் எதற்கு என்றேன். அவளும் யோசித்து, மெசின் ஆவணியில் தொடங்கினது தொடங்கினதுதான், இனி ஆடிக்குத் திரும்பினால் தோஷம் இல்லை என்று தீர்ப்புச் சொன்னாள். திருத்தினேன். டிராக்டரைத் தட்டினேன். வளையம் ஒரே ஒரு சுற்று. சூரியன் உதித்தது, சேவல் கூவியது, சிவப்பு டிராக்டர் ஒன்று எனக்காக உறுமிக்கொண்டு நின்றது. எனக்குக் கண் கலங்கிவிட்டது மாப்பிள்ளை, எழுதுவதற்கு என்ன வெட்கம்.

ஏறி நம் நிலத்தில் என் பாதியை உழுதுவிட்டேன். விதை போடச் சொல்லி அது விடாமல் மணி அடித்தது. ஆடிப்பட்டம் தேடி விதை என்பதெல்லாம் மற்ற சீமைக்கு. கரிசலுக்குப் புரட்டாசிப் பட்டம்தான். ஆகவே டிராக்டரை ஓரமாக நிறுத்திவிட்டு வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அத்தை வந்து, "வெதைக்கலையா?" என்றாள். "மழை விழட்டும்" என்றேன். "ஆமா, ஈரம் இல்லாம என்னத்த வெதைக்க" என்று அவளும் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். இருவரும் ஒரு மணி நேரம் அந்த வானத்தைப் பார்த்தோம். நன்றாக இருந்தது. முன்பு கம்ப்யூட்டர் புரட்டாசியில் நின்றபோதே திறந்திருந்தால் விதைத்திருக்கலாம் என்ற ஒரு குறைதான்.

உங்கள் பாதியில் நான் கை வைக்கவில்லை. வரப்போடு திரும்பிவிட்டேன். வரும் ஞாயிறு ஆவணி முதல் தேதி, ஐந்து மணிக்கு வாருங்கள், காத்திருக்கிறேன். மாப்பிள்ளை, எனக்கு உங்களைப் பிடிக்கும். கல்யாணப் பந்தியில் உங்கள் இலைக்கு இரண்டாம் தரம் பாயசம் வந்ததே, அது நான் பரிமாறுகிறவர் காதில் சொல்லி அனுப்பியது. முன்னால் வந்து நின்று சொல்லத் தெரியவில்லை. இனி உங்களிடம் பொய் சொல்லமாட்டேன். இனி எந்தக் கடிகாரத்திலும், எந்தத் தேதியிலும் கை வைக்கவும் மாட்டேன். இது முப்பத்தோரு வருடத்து டைம் கீப்பரின் சத்தியம்.

நீங்களும் சத்யபிரியாவும் நோய் நொடி இல்லாமல், நெட்டும் கரண்டும் குறையாமல், பெய்யவேண்டிய காலத்தில் மழை பெய்து சிறப்பாக வாழவேண்டும் என்று அம்மனை வேண்டும்,

மாமனார்,
நவநீதகிருஷ்ணன்.

பி.கு: மேலே வியாழக்கிழமை என்று போட்டுவிட்டு உள்ளே 'நேற்றுத் திங்கட்கிழமை' என்று எழுதியிருப்பதை நீங்கள் கவனித்திருப்பீர்கள். இன்று செவ்வாய்தான். செவ்வாய் வெறுவாய், மாப்பிள்ளைக்குக் கடிதம் எழுதக்கூடாது என்கிறாள் உங்கள் அத்தை. வியாழன் அனுப்பினால் ஞாயிற்றுக்குள் வந்து சேராது. இரண்டு பேச்சும் நியாயம். அதனால் தேதியை மட்டும் இரண்டு நாள் தள்ளிவைத்தேன். இன்னொன்று, ஞாயிறு நாலரை முதல் ஆறு ராகுகாலம் என்பது அவளுக்கு இப்போதுதான் நினைவு வந்திருக்கிறது. கவலை வேண்டாம், நாம் ஐந்துக்கே தொடங்குகிறோம். அவள் போனில் மணி பார்ப்பதில்லை. நான் ஓய்வு பெற்றபோது மில்லில் கொடுத்த கூடத்துக் கடிகாரத்தைத்தான் நம்புவாள். அதை ஒன்றேகால் மணி நேரம் முன்னால் தள்ளி வைத்துவிட்டேன். ஞாயிறு அவள் போனில் மணி கேட்டால் ஆறேகால் என்று சொல்லவும். சத்யபிரியாவிடம் இந்தப் பின்குறிப்பைக் காட்டவேண்டாம்.