பதினாறு குத்து

அன்னைக்கு எனக்கு இருந்த வேலை ஒண்ணே ஒண்ணுதான். மிளகாய் அரைச்சுட்டு வரணும்.

தொண்ணூறுகள்ல நடந்தது. கல்யாணமாகி எட்டு மாசம். ஆவடி குவார்ட்டர்ஸ்ல கீழ் வீடு எங்களுது. வீட்டுக்காரருக்கு ராணுவத் தொழிற்சாலையில வேலை. அன்னைக்கு சாயங்காலம் மாமியார் கரூர்லேருந்து முதல் தடவையா எங்க வீட்டுக்கு வர்றாங்க. சாம்பார் பொடிக்கு மிளகாய் எவ்வளவு, மல்லி எவ்வளவுன்னு லெட்டர்லயே எழுதி அனுப்பியிருந்தாங்க. அதைப் பாத்து ஒரு காலண்டர் தாள்ல எழுதிக்கிட்டேன்.

இங்க ஒரு விஷயம் சொல்லணும். அந்தக் காலத்துல நான் எதை எழுதினாலும் காலண்டர் தாள்லதான் எழுதுவேன். தினமும் ஒண்ணு கிழிக்கிறோம், வீணாப் போகுதேன்னு.

அப்படி எழுதின இன்னொரு தாளும் என் பர்ஸ்ல இருந்துச்சு. அது மாடி வீட்டு வசந்தா அக்கா சம்பந்தப்பட்டது.

அக்காவுக்குத் திருநெல்வேலி பக்கம். அவங்க தம்பி மஸ்கட்லேருந்து வந்தப்ப, அக்கா பிள்ளைங்களுக்கு டிவியில மாட்டி விளையாடற வீடியோ கேம் ஒண்ணு கொண்டு வந்தாரு. பிள்ளைங்க ரெண்டு வாரம் விளையாடிட்டு, அழுதுட்டு விட்டுட்டாங்க. அவ்வளவு கஷ்டமான ஆட்டம். ஒரு நாள் அக்கா தூசி தட்டறப்ப சும்மா ஒரு பட்டனை அமுக்கியிருக்காங்க. அதோட முடிஞ்சுது எங்க ரெண்டு பேர் பகல் பொழுதும்.

ஆட்டம் இதுதான். தலையில கவசம், கையில ஈட்டியோட ஒருத்தன் இருப்பான். அவனை வலது பக்கமா ஓட்டிக்கிட்டே போகணும். பள்ளம் வந்தா கல்லுக்குக் கல்லு தாண்டணும். சரியா தாண்டற நேரம் பாத்து ஒரு வௌவால் வரும். வௌவால் பட்டா சாக மாட்டான், நாலு அடி பின்னாடி போய் விழுவான். பின்னாடி பள்ளம்தான் இருக்கும்.

டிவியை அணைச்சா மறுபடி முதல்லேருந்து ஆரம்பிக்கணும். பாதியில விட்டுட்டு நாளைக்குத் தொடரலாங்கற பேச்சே கிடையாது.

நாங்க விடல. வௌவாலோட சண்டை போடக் கூடாது, ஒரு அடி பின்னாடி வந்தா அதுவே காணாமப் போயிடும்னு அக்கா கண்டுபிடிச்சாங்க. அதுக்கு மூணு வாரம் ஆச்சு. அடி வாங்கித்தான் ஆகணும்னா ஏணியில இருக்கறப்ப வாங்கணும், அங்க இருந்தா பின்னாடி விழ மாட்டான்னு நான் கண்டுபிடிச்சேன். வழியில கோடாலி கிடைக்கும். பாக்க ஜோரா இருக்கும். எடுத்தோம்னா கையில இருக்கிற ஈட்டி போயிடும். கோடாலியை வீசினா அது மேல போய் வளைஞ்சு நம்ம காலடியிலயே விழும். இதைக் கத்துக்க ஒரு மாசம்.

கடைசியில ஒரு ராட்சசன் வருவான். பெரிய சக்கரம் மாதிரி சுத்திக்கிட்டு வருவான். அவனுக்கு நாங்க வெச்ச பேரு பெரியவன். அவன் உயிருக்குத் திரை மேல பதினாறு கோடு இருக்கும், ஒரு குத்துக்கு ஒரு கோடு குறையும். அவனை மட்டும் ஜெயிக்க முடியல. ஒவ்வொரு தடவை தோத்ததும் அக்கா சொல்லச் சொல்ல நான் எழுதி வெப்பேன்.

வீட்டுக்காரர்கிட்ட நான் சொல்லியிருந்தது, அக்காகிட்ட தையல் கத்துக்கறேன்னு.

சரி, மிளகாய்க்கு வர்றேன். பத்து மணிக்கு, மிளகாயையும் மல்லியையும் தனித்தனிப் பையில கட்டிப் போட்ட டின்னைத் தூக்கிக்கிட்டு மில்லுக்குப் போனேன். மில்லுக்காரர் ஏழுமலை. பாரிவாக்கத்துல பரம்பரையா நிலம் வெச்சிருக்கிற குடும்பம். அங்கேருந்து தினம் சைக்கிள்ல வந்து மில்லு ஓட்டறாரு. தலையிலேருந்து கால் வரைக்கும் மிளகாய்த்தூள் படிஞ்சு எப்பவும் சிவப்பா இருப்பாரு.

"உன் முன்னாடி நாலு பேர் கீறாங்கமா. எப்பிடி அரைக்கணும்னு சீட்டு இருந்தா டப்பா உள்ளயே போட்டுட்டுப் போ. ஒரு மணிக்கு வா."

ஒரு மணி. அதுக்குள்ள ஒரு ஆட்டம் முடிச்சுடலாம். எனக்கு அது மட்டும்தான் காதுல விழுந்துச்சு. பர்ஸைத் திறந்தேன், கைக்கு வந்த தாளை மடிச்சு டின்னுல போட்டேன், நடையைக் கட்டினேன்.

இனிமே நடந்ததுல பாதி, பின்னாடி இவரும் ஏழுமலையும் சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

பன்னண்டு மணிக்கு எங்க டின்னோட முறை வந்திருக்கு. ஏழுமலை தாளைப் பிரிச்சுப் படிச்சிருக்காரு. அதுல இப்படி இருந்துச்சு:

'மூணாவது கல்லுல நில்லு. அவன் வந்தா ஒரு அடி பின்னாடி வா. கோடாலி வேண்டாம், ஈட்டியே போதும். இடது மூலையில குனிஞ்சு உக்காரு. முகத்துல குத்தாதே, பிரயோஜனம் இல்ல. முழங்காலுக்குக் கீழ குத்து. மொத்தம் பதினாறு குத்து. அதுக்குள்ள செத்துடணும். பெரியவன் செத்துட்டா எல்லாம் முடிஞ்சுது. அக்கா ஒரு தடவை, நான் ஒரு தடவை.'

மனுஷன் மூணு தடவை எழுத்துக் கூட்டிப் படிச்சிருக்காரு. அப்புறம் மெஷினை நிறுத்திட்டு, டின்னை கேரியர்ல கட்டிக்கிட்டு கிளம்பிட்டாரு. விலாசம் தேட வேண்டிய அவசியமே இல்ல. குவார்ட்டர்ஸ்ல எதுவும் மாறிடக் கூடாதுன்னு எங்க வீட்டு நம்பரை டின்னு, பக்கெட்டு, முறம் எல்லாத்துலயும் இவர் பெயின்ட்ல எழுதி வெச்சிருந்தாரு.

அன்னைக்குன்னு பாத்து இவர், அம்மா வர்றாங்கன்னு அரை நாள் லீவு போட்டுட்டு வந்திருக்காரு. என்கிட்ட சொல்லல. கதவு பூட்டியிருக்கவே வாசல்ல நின்னுக்கிட்டு இருந்திருக்காரு.

"சார், இது உங்க ஊட்டு டப்பாவா?"

"ஆமா. மிளகாய் டின்னு. ஏன் அரைக்காம கொண்டு வந்திருக்கீங்க?"

"அது கெடக்கட்டும் சார். ஊட்ல யாருக்காச்சும் சண்டை கிண்டை கீதா?"

"அதெல்லாம் ஒண்ணும் இல்லையே."

"அப்ப இத்தப் படி சார். படிச்சிட்டு நிதானமா ஒக்காரு."

இவர் படிச்சாரு. உக்காந்தாரு.

எழுத்து என்னுதுதான்னு பாத்ததுமே தெரிஞ்சு போச்சு. அது பெரிய விஷயமில்ல. இவரு வீட்டுக்கு மூத்த பிள்ளை. கரூர்ல இவரை எல்லாரும் கூப்பிடறது 'பெரியவன்'னுதான். எங்களுக்கு வர்ற ஒவ்வொரு லெட்டரும் 'பெரியவனுக்கு ஆசீர்வாதம்'னுதான் ஆரம்பிக்கும். இது எனக்குத் தெரியாததில்ல. ராட்சசனுக்குப் பேரு வெச்சப்ப ஞாபகம் வரல, அவ்வளவுதான்.

"சார், அக்கான்னு எழுதிக்கீதே, அது யாரு?"

"மாடி வீட்டம்மா. இவளுக்குத் தையல் சொல்லித் தர்றாங்க."

"தையலா?" ஏழுமலை அந்தத் தாளை இன்னொரு தடவை பாத்திருக்காரு.

சரியா அப்பதான் மாடியிலேருந்து வசந்தா அக்கா குரல் கேட்டிருக்கு.

"குத்து. விடாத புள்ள, குத்து. முழங்காலப் பாத்துக் குத்து. இன்னும் நாலு குத்துல செத்துருவான்."

அந்தச் சத்தம் கேட்டதும் ஒரு நிமிஷம் நிம்மதியாத்தான் இருந்துச்சுன்னு இவர் பின்னாடி ஒத்துக்கிட்டாரு. நாம கீழ இருக்கோம், அப்ப மேல வேற யாரோதான் பெரியவன்னு. அடுத்த நிமிஷம்தான் ஞாபகம் வந்திருக்கு. அக்காவோட வீட்டுக்காரர், அண்ணாச்சி, நைட் ஷிப்ட் முடிஞ்சு வந்து மேல தூங்கிக்கிட்டு இருப்பாரேன்னு.

ரெண்டு பேரும் மாடிப்படி ஏறி ஓடி வந்து கதவைத் தட்டினாங்க.

இப்ப எங்க பக்கம் என்ன நிலவரம்னு பாக்கணும். வாழ்க்கையிலேயே முதல் தடவையா பெரியவனைப் பன்னண்டு குத்து குத்தியிருக்கேன். இன்னும் நாலே நாலு. கை வேர்த்துப் போச்சு. வௌவால் வேற வருது. இந்த நேரத்துல கதவைத் திறக்க யாருக்கு மனசு வரும்?

அக்கா தலையைக்கூடத் திருப்பாம சொன்னாங்க. "யாருன்னாலும் ரெண்டு நிமிஷம் பொறுங்க. சோலி முடியப் போவுது."

ஏழுமலை தோளைக் கொடுத்து ஒரு இடி இடிச்சாரு. குவார்ட்டர்ஸ் தாழ்ப்பாள், அப்படியே கழண்டு விழுந்துச்சு. கதவோட சேர்ந்து அவரும் உள்ள வந்தாரு. கால் ஒயர்ல மாட்டுச்சு. டிவி பொட்டுன்னு அணைஞ்சுது.

நானும் அக்காவும் அந்தக் கறுப்புத் திரையையே பாத்துக்கிட்டு உக்காந்திருந்தோம்.

ஏழுமலை எங்களைக் கண்டுக்கவே இல்ல. நேரா உள் ரூமுக்குப் போனாரு. அங்க கட்டில்ல அண்ணாச்சி, தலை வரைக்கும் போர்வையை இழுத்து மூடி, காதுல பஞ்சு வெச்சுக்கிட்டு, அசைவே இல்லாம கிடந்தாரு. ஏழுமலை மெதுவா போர்வையை விலக்கினாரு.

அண்ணாச்சி கண்ணைத் திறந்தாரு. எதிர்ல தலைமுடியிலேருந்து புருவம் வரைக்கும் செக்கச் செவேல்னு ஒரு ஆள் குனிஞ்சு பாத்துக்கிட்டு இருக்காரு.

"உசுரு கீது சார்," அப்படின்னு ஏழுமலை எங்க வீட்டுக்காரருக்குக் குரல் கொடுத்தாரு.

அண்ணாச்சி போட்ட சத்தத்துல பக்கத்து பிளாக்ல ஜன்னல் திறந்துச்சு. அப்புறம் மிளகாய் நெடி ஏறி பத்து நிமிஷம் தும்மினாரு.

எல்லாம் அடங்கினதும் விசாரணை. இவர் அந்தத் தாளை என் முன்னாடி நீட்டினாரு.

"இது என்ன?"

"கேம்."

"என்ன கேம்?"

"டிவியில விளையாடறது. அதுல பெரியவன்னு ஒருத்தன் வருவான். அவனைக் கொல்லணும்."

"பெரியவன்."

"அது ராட்சசன்ங்க. நீங்க இல்ல."

இவர் ரூமைச் சுத்திப் பாத்தாரு. தையல் மெஷின் ஒரு மூலையில இருந்துச்சு. அதுமேல ஊறுகாய் ஜாடி, ஊறுகாய் ஜாடி மேல பேப்பர் கட்டு.

"அதான் ஆறு மாசமா ஒரு ஜாக்கெட் கூட முடியலையா?"

கோவமா கேட்டிருந்தா சமாளிச்சிருப்பேன். மெதுவா கேட்டாரு. எனக்கு மூஞ்சியை எங்க வெச்சுக்கறதுன்னு தெரியல. பகல் பூரா தனியா இருக்க பிடிக்காமதான் மாடி ஏறினேன், அதை உங்ககிட்ட சொல்ல வெக்கமா இருந்துச்சுன்னு சொன்னேன். அது உண்மை.

அண்ணாச்சி மறுபடி தும்மினாரு.

கடைசியில ஏழுமலைதான், "சார், தங்கச்சி சொல்றது நெசமா பொய்யான்னு போட்டுப் பாத்துட்டாத் தெரிஞ்சிடப் போவுது. எந்தக் கல்லு, எந்தக் கோடாலின்னு காட்டட்டும்"னாரு.

மறுபடி முதல்லேருந்து ஆரம்பிச்சோம். எங்க ரெண்டு பேர் மானம் அந்த ஈட்டிக்காரன் கையில இருந்துச்சு. ஏழுமலை தாளைக் கையில பிடிச்சுக்கிட்டு, எழுதினபடிதான் நடக்குதான்னு ஒவ்வொண்ணா சரிபாத்தாரு. "கல்லு கீது. கரெக்ட். வௌவாலு வருது. பின்னாடி வா. ஆமா, போயிடுச்சு." கோடாலி வந்தப்ப எல்லாருக்கும் முன்னாடி அவர்தான் பதறினாரு. "எடுக்காதமா."

ஒண்ணரை மணி நேரத்துல பெரியவன்கிட்ட வந்துட்டோம். வழக்கம்போல மூலையில குனிஞ்சேன். எட்டு குத்து ஆச்சு. எனக்கு ஒரே ஒரு உயிர்தான் மிச்சம்.

ஏழுமலை திடீர்னு சொன்னாரு. "இரு தங்கச்சி. அவசரப்படாத. இவன் என் மெஷின் பெல்ட்டு மாதிரி சுத்தறான். நாலு சுத்துக்கு ஒரு தபா லேசா நிக்கறான் பாரு. நான் சொல்றப்ப குத்து."

ஆறு மாசமா இது எங்க ரெண்டு பேர் கண்ணுலயும் படல.

"ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு. குத்து."

குத்தினேன். மறுபடி எண்ணினாரு. குத்தினேன். அக்கா என் தோளைப் பிடிச்சிருந்தாங்க. அண்ணாச்சி தும்மலை அடக்கிக்கிட்டு நின்னாரு. பதினாறாவது குத்துல பெரியவன் ஆடி, நடுங்கி, வெடிச்சான்.

திரையில சூரியன் உதிச்சுது. நாலு வரி இங்கிலீஷ் வந்துச்சு. யாருக்கும் படிக்க நேரம் தராம மறைஞ்சுது. அவ்வளவுதான். ஆட்டம் மறுபடி முதல் கல்லுலேருந்து தானா ஆரம்பிச்சுது.

அக்கா கண்ணைத் துடைச்சுக்கிட்டாங்க. ஏழுமலை எழுந்தாரு. "சரிம்மா, நான் போய் மிளகாய அரைச்சுடறேன். எம்மாம் மிளகாய், எம்மாம் மல்லின்னு வாயால சொல்லு, எழுதிக் குடுக்காத," அப்படின்னு சொல்லிட்டு டின்னைத் தூக்கிக்கிட்டுக் கிளம்பினாரு. சாயங்காலம் மாமியார் வர்றதுக்குள்ள பொடி வீடு வந்து சேர்ந்துடுச்சு.

ஆனா அதுக்கு முன்னாடி, எல்லாரும் எழுந்ததுக்கு அப்புறம், இவர் மட்டும் டிவி முன்னாடி நின்னுக்கிட்டே இருந்தாரு.

"கொஞ்சம் நகரு," அப்படின்னாரு.

நகர்ந்தேன். சட்டையை மடிச்சு விட்டுக்கிட்டு உக்காந்தாரு. பத்து வருஷமா லேத்துல வேலை பாக்கற கை. ரெண்டு கல்லைத் தாண்டினாரு. வௌவால் வந்துச்சு. நாலு அடி பின்னாடி போய் பள்ளத்துல விழுந்தாரு.

திரும்பிக்கூடப் பாக்காம சொன்னாரு.

"பட்டன் சரியில்ல."