பூஜ்யம் காட்டிய காற்றுமானி

ஒரு காட்டில் காற்று வீசுகிறதா இல்லையா என்பதை ஓர் ஆமைதான் முடிவு செய்தது. அதன் பொறுப்பில் ஒரு காற்றுமானி இருந்தது. காற்றடித்தால் அதன் நான்கு கிண்ணங்களும் சுற்றும். அதை வெட்டவெளியில், பத்து மீட்டர் உயரத்தில் வைக்க வேண்டும் என்பது விதி. ஆமையால் அவ்வளவு உயரம் ஏற முடியாது. ஆகவே ஒரு பெரிய பாறையின் இடுக்கில், தரையோடு தரையாக வைத்துக்கொண்டது.

ஒருநாள் காலை, பனைமரத்துத் தூக்கணாங்குருவி மூச்சிரைக்க வந்தது.

"ஆமையண்ணே, விடிஞ்சதிலேருந்து கூடு கிறுகிறுன்னு சுத்துது. உள்ளே மூணு முட்டை இருக்கு. சிங்கராஜா குகையில ஒரு மூலை குடுங்க."

"நாற்பது கிலோமீட்டர் வேகத்துல காத்தடிச்சாத்தான் குகைம்மா." ஆமை கிண்ணங்களை எட்டிப் பார்த்தது. "இப்போ பூஜ்யம். எதுக்கும் இந்தப் படிவத்தை நிரப்பிக் குடு."

குருவி பாறையைத் தாண்டியதும், படிவம் அதன் அலகிலிருந்து பிய்த்துக்கொண்டு பறந்தது.

"பாத்தீங்களா அண்ணே!"

"பாத்தேன். படிவத்தைத் தொலைச்சவங்களுக்குத் தனிப் படிவம் இருக்கு."

"ஒரே ஒரு தடவை கருவியை மேலே வெச்சுப் பாருங்களேன்."

"நல்லா இருக்கே! மேலே ஒரே காத்து. விழுந்து உடைஞ்சா யார் பதில் சொல்றது?"

குருவி கிண்ணங்களை உற்றுப் பார்த்தது. இரண்டு கிண்ணங்களுக்கு நடுவே ஒரு சிலந்தி வலை. ஓர் இழைகூட அறுந்திருக்கவில்லை.

குருவி பனைக்குத் திரும்பி, கூட்டின் காம்பைக் கடித்து அறுத்தது. கூட்டைப் பாதி அது சுமந்தது. மீதியை அந்த இல்லாத காற்று சுமந்தது. பாறை இடுக்குக்கு வந்ததும் காற்றுமானியின் ஒரு கிண்ணத்தில் கூட்டை மாட்டி, முட்டைகள் மேல் உட்கார்ந்துகொண்டது.

"இது அரசாங்கக் கருவிம்மா!" என்று ஆமை பதறியது.

"அதனாலதான் வந்தேன் அண்ணே."

சாயங்காலம் பனை முறிந்தது. குரங்குகள் வந்தன, முயல்கள் வந்தன. கடைசியில், குகைக்குள் மழைச்சாரல் அடிக்கிறதென்று சிங்கமே நனைந்த பிடரியோடு வந்து நெருக்கிக்கொண்டு உட்கார்ந்தது. கூட்டின் கனத்தில் கிண்ணங்கள் இம்மியும் அசையவில்லை.

ஆமை பதிவேட்டைத் திறந்து எழுதியது: "காற்று பூஜ்யம். பொதுமக்கள் திரளாக வந்து நேரில் பார்த்து உறுதி செய்தார்கள்."

சிங்கம் ஈரக் கையால் ரேகை வைத்தது. கூட்டுக்குள் முதல் முட்டை விரிசல் விட்டது.

நீதி: காற்றே இல்லை என்று அதிகாரி சொன்னால் வாதாடாதீர்கள், அவர் உட்கார்ந்திருக்கும் இடத்தில் போய் ஒண்டிக்கொள்ளுங்கள்.