டாரகனுக்குக் கவாத்து

என் மச்சான் ரங்கசாமிதான் குற்றவாளி. நான் முட்டாள், அதை எங்கே வேண்டுமானாலும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் முட்டாள் கையில் சீட்டு எழுதிக் கொடுத்தவர் அவர். நாற்பது வருஷமாக அந்தப் பாதியை விழுங்கிவிட்டு, மீதியை மட்டும் கல்யாணப் பந்திகளில் சொல்லிச் சிரிக்கிறார்.

இரண்டாவது உலகச் சண்டை ஆரம்பித்திருந்த சமயம். பென்னாகரத்தில் காட்டிலாகா துரையின் பங்களாவில் நான் தற்காலிக ஆள். துரை கையெழுத்துப் போட்டால் வனக்காவலர் வேலை நிலைக்கும். நிலைத்தால்தான் ஆபீஸ் ரைட்டர் ரங்கசாமி தன் தங்கையை எனக்குக் கொடுப்பார். (அப்போது அவர் மச்சான் இல்லை, 'ரைட்டர் சார்'.)

துரையும் துரைசானியும் ஒரு மாதம் ஊட்டிக்குக் கிளம்பினார்கள். சமையற்காரரும் கூடப் போனார். கார் ஏறும்போது துரைசானி இங்கிலீஷில் என்னவோ சொல்ல, ரைட்டர் அதைத் தமிழில் ஒரு சீட்டில் கிறுக்கி என் கையில் திணித்தார். அவரும் லீவில் போகிறார். பொம்மிடியில் ரயில் பிடிக்கிற அவசரம்.

"இதுல இருக்கறத எழுத்துப் பிசகாம செய்யி. ஒண்ணு கெட்டுச்சு, உன் வேலையும் போச்சு, நம்ம சம்பந்தமும் போச்சு."

"சரிங்க சார்."

சீட்டு இதுதான்:

'டாரகன் பத்திரம். இந்த ஜில்லாவிலேயே ஒன்றுதான் உண்டு. காலை வெயில், மதியம் நிழல். தண்ணீர் கொஞ்சமாக, கால் ஈரத்தில் நிற்கக் கூடாது. வாரம் ஒரு கவாத்து. நுனியைக் கிள்ளவும், கிள்ளினால்தான் பக்கவாட்டில் பெருக்கும். பூ தெரிந்தால் உடனே எடுக்கவும்.'

பங்களாவில் ஒரு நாய் இருந்தது. புசுபுசுவென்று சீமை நாய். அதன் பேர் எனக்குத் தெரியாது. நாங்கள் எல்லாரும் 'தொரை நாயி' என்போம். ஜில்லாவிலேயே அப்படி ஒன்றுதான். டாரகன் என்றால் வேறு யார்?

கவாத்து என்றால் எங்கள் ஊரில் போலீஸ்காரர்கள் மைதானத்தில் கால் தூக்கி நடப்பது. ஆகவே முதல் திங்கட்கிழமை நாயை நிறுத்தி ஆரம்பித்தேன்.

பங்களா பெருக்கும் முனியம்மாக்கா விளக்குமாற்றோடு நின்றுவிட்டது.

"ஏந்தம்பி, நாயிக்கு எதுக்கு லெப்ட்டு ரைட்டு?"

"சர்க்கார் உத்தரவுக்கா."

"அதையும் சண்டைக்கு அனுப்பறாங்களா?"

"சீட்டுல இருக்குதுக்கா. நீ உன் வேலையப் பாரு."

'டாரகன், டாரகன்' என்று தொண்டை வறளக் கூப்பிட்டேன். நாய் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. (திமிர் பிடித்த நாய் என்று நினைத்தேன். அதன் பேர் பிரின்ஸ்.) காலை வெயிலில் கட்டினேன், மதியம் நிழலுக்கு மாற்றினேன். கால் ஈரம் படக்கூடாதென்று மழை நாளில் தோளில் தூக்கிக்கொண்டு திரிந்தேன். கண்ணில் பூ விழுந்திருக்கிறதா என்று தினமும் இமையைப் பிதுக்கிப் பார்த்தேன். அதுவரைக்கும் பொறுத்துக்கொண்டது.

பிறகு நுனியைக் கிள்ளினேன். நாய்க்கு நுனி என்றால் வால்தானே? கடித்த தழும்பு இன்னும் வலது முழங்கையில் இருக்கிறது.

இனி இதற்கு மேல் ஒரு குறையும் வைக்கக்கூடாது என்று நாயின் படுக்கையைப் பார்த்தேன். ஒரே உண்ணி. சமையற்கட்டுக்குப் பின்னால் ஒரு மரத்தொட்டியில் ஒல்லி இலைச் செடி ஒன்று காடாக வளர்ந்து சாய்ந்து கிடந்தது. பார்த்தால் மரிக்கொழுந்துக்குப் பங்காளி, கசக்கினால் சோம்பு வாசனை. உண்ணி ஓடுமென்று அடியோடு அறுத்து நாய்க்கு மெத்தை போட்டேன்.

அடுத்த வாரம் கார் வந்தது. ரைட்டரும் லீவு முடிந்து வந்து நின்றார். துரைசானி இறங்கியதும், "வேர் இஸ் மை டாரகன்?" என்றாள். எனக்கு அந்த ஒரு வார்த்தை போதும். சலாம் வைத்து நாயைக் காட்டினேன். அவள் நாயைப் பார்த்தாள், நாய்க்கு அடியில் காய்ந்து கிடந்ததைப் பார்த்தாள், துரையைக் கூப்பிட்டு அதைக் காட்டினாள்.

துரை சொன்னதை ரைட்டர் எனக்குத் தமிழில் சொன்னார்: "செடிக்கும் நாயிக்கும் வித்தியாசம் தெரியாதவன காட்டுக்குள்ள விட முடியாதாம்."

"சார், சீட்டுல செடின்னு இல்லீங்களே!"

"நான் தெளிவா எழுதித்தான் குடுத்தேன்" என்றார் ரைட்டர், என் முகத்தைப் பார்க்காமல். டாரகன் என்றால் துரைமார் சமையலில் வாசனைக்குப் போடுகிற அந்த ஒல்லி இலைச் செடியாம். அவர் ஏற்காட்டுக் காப்பித் தோட்டத்தில் வேலை பார்த்தவராம். அங்கே கிளை வெட்டுவதற்குப் பேர் கவாத்தாம். அதை அன்றைக்கு மத்தியானம்தான் எனக்குச் சொன்னார்.

காவலர் வேலை போயிற்று. ஆனால் பத்து நாளில் தொட்டியின் அடிக்கட்டையிலிருந்து முன்பைவிட அடர்த்தியாகத் துளிர் கிளம்பியது. துரைசானி குனிந்து எண்ணிப் பார்த்துவிட்டு, என்னையே தோட்டக்காரனாக வைத்துக்கொண்டாள். டாரகன் விதை கட்டாது, தண்டை நட்டுத்தான் பெருக்க வேண்டும். ஒரு தடவைக்கு மூன்றில் ஒரு பங்குக்கு மேல் வெட்டக்கூடாது. வேரில் தண்ணீர் நின்றால் அழுகிவிடும். எல்லாம் அவள் காட்டிக் கொடுத்தாள். அந்த வேலை நிலைத்தது. கல்யாணமும் நடந்தது.

இன்றைக்கும் நான் முடிவெட்டிக்கொண்டு வந்தால், "டாரகனுக்குக் கவாத்து ஆச்சுங்களா?" என்கிறாள் என் மனைவி. பிள்ளைகள் குரைக்கிறார்கள். அதுகூடப் பரவாயில்லை.

வரும் தையில் பொம்மிடியில் மச்சானின் பேரனுக்குக் கல்யாணம். பந்தியில் கதையை ஆரம்பிப்பார். ஆரம்பிக்கட்டும். அந்தச் சீட்டு என் டிரங்குப் பெட்டியில் பத்திரமாக இருக்கிறது, கொண்டு வருகிறேன். அத்தனை பேர் முன்னாலும் மச்சான் எழுந்து நின்று, அதை உரக்கப் படித்து, ஒரே ஒரு கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டும்: 'செடி' என்கிற சொல் எந்த வரியில் இருக்கிறது?