யாரிடமும் சொல்லக் கூடாத சோளம்

ஊரைக் காப்பாற்றுவது என்று முடிவு செய்தேன். ஆனால் காப்பாற்றியது நான்தான் என்று ஒருவருக்கும் தெரியக் கூடாது. தெரிந்தால் வேலை போய்விடும். எனக்கு வீரமும் வேண்டும், சம்பளமும் வேண்டும். இரண்டையும் சேர்த்துப் பிடிக்கப் போனவன் என்ன ஆனான் என்பதை உங்களிடம் மட்டும் சொல்கிறேன்.

நான் வேளாண் ஆராய்ச்சி நிலையத்தில் விரிவாக்க அலுவலர். உள்ளே விஞ்ஞானிகள் கண்டுபிடிப்பதை வெளியே விவசாயிகளிடம் கொண்டுபோய்ச் சேர்ப்பது என் வேலை. இத்தனை வருடத்தில் விரிந்தது என் இடுப்பு ஒன்றுதான். ஊர் ஊராகப் போவேன். திரை கட்டுவேன். படம் போட விளக்கை அணைப்பேன். அணைத்ததும் எல்லோரும் தூங்கிவிடுவார்கள். பாவம், விடியுமுன் எழுந்து வயலுக்குப் போனவர்கள். ஒருமுறை பேச்சு முடிந்தபோது ஒரே ஒரு ஆள் விழித்திருந்தார். என் கருவிக்கு மின்சாரம் கொடுத்த வீட்டுக்காரர். எப்போது பிளக்கைப் பிடுங்குவேன் என்று காத்துக்கொண்டிருந்தார்.

என் மனைவிக்குக் கடைத்தெருவில் தையல் கடை. சுற்றுப்பட்ட ஊர்ப் பெண்கள் எல்லோரும் அவளிடம்தான் தைக்கிறார்கள். அளவெடுக்கக் கொஞ்ச நேரம், பேச மிச்ச நேரம். யாருக்கு எங்கே வலி என்பது ஆஸ்பத்திரிக்குப் போகுமுன் அவள் கடைக்குப் போய்விடும்.

அந்த வருடம் அறுவடை நேரத்தில் மழை பிடித்துக்கொண்டது. மக்காச்சோளம் ஈரத்தோடு மூட்டைக்குள் போனது. எங்கள் பக்கம் ஏழை வீடுகளில் மூன்று வேளைக்கும் சோள மாவுதான். கொஞ்ச நாளில் மாடுகள் செத்து விழுந்தன. எங்கள் வீட்டுக்குப் பால் ஊற்றுகிற பால்காரம்மாவின் மாடுகள் முதலில் போயின. பிறகு அவள் புருஷனுக்குக் கண் மஞ்சளாகி, வயிறு வீங்கி, ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள்.

அவள் வீட்டுச் சோளத்தையும் இன்னும் சில ஊர்ச் சோளத்தையும் நான்தான் ஆய்வகத்துக்குக் கொண்டுவந்தேன். சோதித்துப் பார்த்த பெண், கையுறையைக் கூடக் கழற்றாமல் என் மேசைக்கு வந்தாள்.

"சார், பூஞ்சணம் பிடிச்சிருக்கு. அது விடுற நஞ்சு ஈரலைத் தின்னுடும். கழுவினாலும் போகாது. வேக வெச்சாலும் போகாது."

"எந்த ஊர் மூட்டையில?"

"எல்லாத்துலயும்."

இயக்குநர் அறைக்கு ஓடினேன். இயக்குநர் என்று பெயர்தானே தவிர அவர் இயங்கி நான் பார்த்ததில்லை.

"தலைமை அலுவலகம் ஒரு தடவை சோதிச்சு உறுதி பண்ணணும்," என்றார்.

"எப்ப சார் பண்ணுவாங்க?"

"பண்ணும்போது பண்ணுவாங்க."

"அதுவரைக்கும் ஜனங்க அதைத்தானே சாப்பிட்டுட்டு இருப்பாங்க?"

"நாமளா சாப்பிடச் சொன்னோம்?" மின்விசிறியைப் பார்த்துக்கொண்டே பேசினார். "இப்ப வாயைத் திறந்தா சந்தை படுத்துடும். மேலிடம் என்னைப் பிடிக்கும். நான் உங்களைப் பிடிப்பேன். அப்புறம் உங்களுக்கு இங்க வேலை இருக்காது. புரியுதா?"

புரிந்தது. எனக்கு இந்த மாதிரி விஷயமெல்லாம் சீக்கிரம் புரியும்.

வீட்டுக்கு வந்ததும் முதல் காரியமாக எங்கள் மாவு டப்பாவை எடுத்துப் பின்பக்கம் குழிதோண்டிக் கொட்டினேன்.

"மாவு என்னங்க ஆச்சு?" என்றாள் மனைவி.

"வண்டு."

"நேத்துதானே சலிச்சேன். வண்டு இல்லையே."

"இன்னைக்கு வந்துடுச்சு."

அப்போதுதான் அந்தத் திட்டம் தோன்றியது. நான் வாயைத் திறக்கக் கூடாது. சரி. என் மனைவிக்கு வாய் இருக்கிறது. அவளிடம் ஒரு விஷயத்தைச் சொல்லி, யாரிடமும் சொல்லாதே என்று ஒரு வார்த்தை சேர்த்துவிட்டால் போதும். சாயங்காலத்துக்குள் எல்லா ஊருக்கும் போய்விடும். யார் சொன்னது என்று கேட்டால் கடையில் பேசிக்கொண்டார்கள் என்பார்கள். திரையும் வேண்டாம், மின்சாரமும் வேண்டாம். என் மூளையை நானே மெச்சிக்கொண்டேன். வேறு யாரும் மெச்சிய பழக்கமில்லை.

சாப்பிட்டு முடித்ததும் அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். அவள் பொத்தான் கோத்துக்கொண்டிருந்தாள்.

"உங்கிட்ட ஒண்ணு சொல்லணும். ரகசியம்."

"சொல்லுங்க."

"இந்த வருஷச் சோளத்துல ஏதோ பூஞ்சணமாம். நல்லதில்லையாம்."

"நல்லதில்லைன்னா? சாப்பிட்டா என்ன ஆகும்?"

இங்கேதான் எனக்குப் பயம் வந்தது. முழுசாகச் சொன்னால் முழுசாகப் பரவும். முழுசாகத் தெரிந்து ஊருக்குள் போகிறவன் நான் ஒருவன்தான் என்பதால் இயக்குநர் கண்டுபிடித்துவிடுவார்.

"அதெல்லாம் ஆராய்ச்சியில இருக்கு. யார்கிட்டயும் சொல்லிடாதே."

"சரி," என்று அடுத்த பொத்தானை எடுத்தாள்.

மறுநாள் முடிவெட்டுகிற கடையில் போய் உட்கார்ந்தேன். வெட்ட வேண்டிய அளவுக்கு எனக்கு முடி இல்லை. செய்தி கேட்கத்தான் போனேன். சோளத்தைப் பற்றி ஒரு பேச்சு இல்லை. பேருந்து நிறுத்தத்தில் நின்று பார்த்தேன். இல்லை. மாவு மில்லில் எட்டிப் பார்த்தேன். வரிசையில் பெண்கள் அதே சோளத்தை அரைத்துக்கொண்டிருந்தார்கள். தூள் பறந்தது. நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தேன்.

இரண்டு மூன்று நாள் பார்த்தேன். ஊருக்கெல்லாம் தைத்துக் கொடுக்கிறவள் இந்த விஷயத்தில் தன் வாயைத் தைத்துக்கொண்டுவிட்டாள்.

"கடையில இன்னைக்கு என்ன பேச்சு?" என்று தூண்டிப் பார்த்தேன்.

"கழுத்து இறக்கமா, ஏத்தமான்னு பேச்சு."

"நான் அன்னைக்குச் சொன்னேனே, அந்த விஷயம்…"

"யார்கிட்டயும் சொல்லலைங்க. நீங்க தைரியமா இருங்க."

என் தைரியத்தைப் பற்றி அவ்வளவு கவலைப்பட்ட ஒரே ஆள் அவள்தான்.

வெள்ளிக்கிழமை காலையில் பால்காரம்மாவின் புருஷன் இறந்துபோனான்.

நாங்கள் இரண்டு பேரும் போனோம். ஒற்றை அறை வீடு. சுவரோரமாக மூட்டைகள் அடுக்கியிருந்தன. அவனை அந்த மூட்டைகளுக்கு முன்னால்தான் கிடத்தியிருந்தார்கள், வேறு இடம் இல்லை. நகமெல்லாம் மஞ்சள். பால்காரம்மா அழவில்லை. வந்தவர்களுக்கு ஏதாவது கொடுக்க வேண்டும் என்று பக்கத்து வீட்டுப் பெண் அந்த வீட்டு மாவை எடுத்துப்போய்த் தன் அடுப்பில் கிளறிக் கொண்டுவந்திருந்தாள். அந்த மாவு எந்த மூட்டையிலிருந்து வந்தது என்று எனக்குத் தெரியும். பால்காரம்மா என் கையில் ஒரு கிண்ணத்தைக் கொடுத்து, "சாப்பிடுங்க சார், வெயில்ல வந்திருக்கீங்க," என்றாள்.

"வயித்துக்குச் சரியில்ல," என்று கீழே வைத்தேன்.

என் மனைவி கிண்ணத்தைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். தன் கிண்ணத்தையும் மெதுவாகக் கீழே வைத்தாள். பால்காரம்மாவின் மகள், சின்னப் பெண், கையில் வைத்திருந்ததையும் வாங்கிக்கொண்டாள். "வா, கடையில பன் வாங்கித் தரேன்," என்று அவளைத் தூக்கிக்கொண்டு வெளியே போனாள்.

வீட்டுக் கதவைச் சாத்திய பிறகுதான் மனைவி கேட்டாள்.

"அந்தப் பூஞ்சணம் ஆளைக் கொல்லுமா?"

"அது… ஈரலை…"

"கொல்லுமா, கொல்லாதா?"

"கொல்லும்."

"அதனாலதான் நம்ம மாவைக் கொட்டினீங்க."

நான் அலமாரியில் இருந்த காலி மாவு டப்பாவைப் பார்த்தேன்.

"வண்டுன்னு சொன்னப்பவே எனக்கு உறைச்சிருக்கணும்," என்றாள். அவள் திட்டியிருந்தால் எனக்குப் பழக்கம், சமாளித்திருப்பேன். திட்டவில்லை. செருப்பை மாட்டிக்கொண்டு கடைக்குப் போய்விட்டாள்.

அன்று மதியமும் மறுநாளும் அவள் கடையில் போன் ஓயவில்லை என்று பிறகு தெரிந்துகொண்டேன். ஞாயிற்றுக்கிழமை காலை, "கடையில ஃபேன் சுத்தலை, வந்து பாருங்க," என்றாள். எனக்குத் தெரிந்த ஒரே கைவேலை அதுதான். ஸ்க்ரூடிரைவரை எடுத்துக்கொண்டு போனேன்.

ஃபேன் நன்றாகச் சுற்றிக்கொண்டிருந்தது. அதன் அடியில் ஜனம். மெஷின் மேல், பெஞ்சில், தரையில், படியில், தெருவில். சுற்றுப்பட்ட ஊர்ப் பெண்கள் அத்தனை பேரும் இருந்தார்கள். புருஷன்மாரையும் கூட்டி வந்திருந்தார்கள். வீட்டுக்காரரோடு வந்தால்தான் தைத்த துணி கிடைக்கும், வராவிட்டால் கிடையாது என்று சொல்லி அனுப்பியிருக்கிறாள். என் கூட்டங்களுக்கு ஆள் சேர்க்க இந்த யோசனை எனக்கு ஒருநாளும் வந்ததில்லை.

நான் உள்ளே வந்ததும் பின்னால் நின்று வாசலை அடைத்துக்கொண்டாள்.

"இவர் ஆராய்ச்சி நிலையத்துல இருந்து ஒரு விஷயம் சொல்ல வந்திருக்கார்," என்றாள்.

தொண்டையைச் செருமினேன். வழக்கமான முன்னுரையை ஆரம்பித்தேன். "பூஞ்சணங்கள் பல வகைப்படும். அவற்றில்…"

"என்னங்க," என்றாள் பின்னாலிருந்து. "இந்த வருஷச் சோளத்தைச் சாப்பிடலாமா, கூடாதா?"

வாசலைப் பார்த்தேன். அவள் நகரவில்லை. முன்வரிசையில் பால்காரம்மா உட்கார்ந்திருந்தாள், மகளை மடியில் வைத்துக்கொண்டு.

"கூடாது," என்றேன்.

ஒருவரும் தூங்கவில்லை.

"கழுவிட்டு?"

"கழுவினாலும் கூடாது. வேக வெச்சாலும் கூடாது."

"மாட்டுக்குப் போடலாமா?"

"கூடாது."

"கோழிக்கு?"

"கூடாது."

பின்னால் ஒரு ஆள், "அப்ப வித்துடலாம்," என்றார். "விக்கவும் கூடாதுங்க," என்றேன். "வாங்கறவனும் சாப்பிடத்தான் வாங்கறான்."

பால்காரம்மா அப்போதுதான் வாயைத் திறந்தாள். "இது உங்களுக்கு எப்பத் தெரியும் சார்?"

ஸ்க்ரூடிரைவரை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றினேன். அவள் அதை வைத்தே கணக்குப் போட்டுக்கொண்டாள் என்று முகத்தில் தெரிந்தது. கத்தவில்லை. மகளின் தலையைத் தன் மார்போடு அழுத்திக்கொண்டாள். அதற்குப் பதில் அவள் என்னை நாலு அறை அறைந்திருக்கலாம்.

"அப்ப எதைத்தான் சாப்பிடறது?" என்று இன்னொருத்தி கேட்டாள்.

ஏதாவது சொல்லியாக வேண்டும் என்ற பதற்றத்தில் உண்மை வந்துவிட்டது. "எங்க நிலையத்துக் கிடங்குல போன வருஷச் சோளம் இருக்கு. நல்லாக் காய வெச்சது. மருந்து கலக்காதது."

எல்லோரும் எழுந்தார்கள்.

அன்று பகல் முழுக்க, இதை வாங்கிக்கொண்டு நல்லதைக் கொடு என்று நிலையத்து வாசலில் மூட்டைகள் வந்து விழுந்தன. தலையில், சைக்கிளில், மாடு இல்லாத வண்டியை ஆளே இழுத்துக்கொண்டு. சுவர் உயரத்துக்கு அடுக்கினார்கள். இயக்குநரை வீட்டிலிருந்து கூட்டி வந்தார்கள். அவர் இயங்கி நான் பார்த்தது அன்றைக்குத்தான். கிடங்கைத் திறக்க மாட்டேன் என்றார். என் மனைவி அவர் முன்னால் பால்காரம்மாவைக் கொண்டுவந்து நிறுத்தினாள். அவரே சாவியை எடுத்தார்.

கெட்ட மூட்டைகளை வயல் நடுவே குழி வெட்டிப் போட்டு எரித்தோம். கிடங்குச் சோளம் எல்லோருக்கும் போதவில்லை. அறுத்தது எரிவதைப் பார்த்துக்கொண்டு நின்ற முகங்களை நான் சொல்லப் போவதில்லை. ஏற்கெனவே சாப்பிட்டிருந்தவர்களில் இன்னும் இரண்டு பேர் போனார்கள். ஆனால் ஆஸ்பத்திரியில் புதிதாக மஞ்சள் கண்ணோடு வருகிறவர்கள் நின்றுபோனார்கள் என்று ஆய்வகத்துப் பெண் சொன்னாள். அதை அவள் என் வீட்டுக்கு வந்துதான் சொல்ல வேண்டியிருந்தது. எனக்கு நிலையத்துக்குள் போக அனுமதி இல்லை. இயக்குநர் சொன்னதைச் செய்தார். திங்கட்கிழமை காலையிலேயே என் நாற்காலி காலி.

ஒரு மத்தியானம் மனைவியிடம் கேட்டுவிட்டேன்.

"நான் ரகசியம்னு சொன்னப்ப, நீ நாலு பேர்கிட்டச் சொல்லணும்னுதான் சொன்னேன்னு உனக்குத் தெரியலையா?"

"தெரியுமே. கல்யாணம் ஆன நாள்லேருந்து ஆபீஸ் விஷயம் ஒண்ணு கூட எங்கிட்டப் பேசினதில்ல. அன்னைக்குத் தேடி வந்து பக்கத்துல உக்காந்தீங்க. அப்பவே தெரிஞ்சுடுச்சு."

"அப்ப ஏன் சொல்லல?"

"அரைகுறையாச் சொன்னா என்ன ஆகும்? முதல்ல கேட்டவன் தன் மூட்டையை, கேக்காதவன் தலையில கட்டிட்டுப் போயிடுவான். சொல்றதுன்னா எல்லாருக்கும் ஒண்ணாச் சொல்லணும்."

"சரி, ஞாயித்துக்கிழமை எல்லாரும் ஒண்ணா இருந்தாங்களே. அப்ப நீயே சொல்லியிருக்கலாமே. என்னை எதுக்கு முன்னால தள்ளினே?"

"நான் சொன்னா, தையக்காரி எதையோ உளர்றான்னு போயிருப்பாங்க. விளைஞ்சதை எரிக்கச் சொல்றோம். உங்க வேலை போகும்னு தெரிஞ்சும் நீங்க வந்து சொன்னாத்தானே நம்புவாங்க."

"என் வேலை போகும்னு முன்னாடியே தெரியுமா உனக்கு?"

"தெரியாம என்ன, வேலை பயம் இல்லைன்னா நீங்களே போய்ச் சொல்லியிருப்பீங்களே," என்று நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள். "அதான் சனிக்கிழமையே ரெண்டாவது மெஷினுக்குச் சொல்லி வெச்சேன். நாளைக்கு வந்துடும். முதல்ல பொத்தானுக்குக் காஜா எடுக்கப் பழகுங்க."