குழவிக்கு விழுந்த மாலை

மஞ்சள் பூசி நட்டுவைத்த கல்லைத் திரும்ப எடுக்கப் போன மகேந்திரன், அதன் கழுத்தில் மாலையைக் கண்டு மோட்டார் சைக்கிளில் இருந்தபடியே உறைந்துபோனான்.

அது சாமி இல்லை. அவன் மனைவி குமுதாவின் அம்மிக் குழவி. 'அன்றாட வாழ்வில் பாரம்பரியமும் மன உறுதியும்' என்ற தலைப்பில் ஒரு போட்டிக்குக் குறும்படம் எடுக்கிறான். அதற்கு ஒரு சாலையோரச் சாமி தேவைப்பட்டது. நேற்று அவளிடம் சொல்லாமல் குழவியைத் தூக்கிவந்து, சுங்கை ஆயர் தாவார் செம்பனைத் தோட்டத்து மரத்தடியில் நட்டான். படம் பிடித்ததும் மழை கொட்டியது, போட்டுவிட்டு ஓடினான். விடிவதற்குள் மாலை விழுந்துவிட்டது.

இன்று கடைசிக் காட்சி. குமுதா அம்மியில் மசாலா அரைக்க வேண்டும். அவளுக்கு அது நடிப்பே இல்லை, கல்யாணமான நாளிலிருந்து அதைத்தான் செய்கிறாள். அம்மியில் அரைத்தால்தான் கறி மகேந்திரன் ஐயாவின் தொண்டையில் இறங்கும். பிளெண்டர் அலமாரி மேல் பெட்டிகூடப் பிரிக்காமல் கிடக்கிறது. இன்றைக்குள் படம் போய்ச் சேராவிட்டால் போட்டி போச்சு.

செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டும் வீரன் கல்லின் முன் தேங்காய் உடைத்துக்கொண்டிருந்தார்.

"அண்ணே, அது எங்க வீட்டுக் குழவிண்ணே."

"வாயக் கழுவு தம்பி. சாமியப் பாத்துப் பேசுற பேச்சா இது?"

"ஷூட்டிங்குக்கு நான் வச்சதுண்ணே" என்று கையை நீட்டியவன், சிந்திக் கிடந்த விளக்கெண்ணெயில் வழுக்கி நெடுஞ்சாண்கிடையாக விழுந்தான்.

"பாத்தீங்களா, சாமி இல்லேன்னவனையே விழ வச்சிருச்சு" என்றார் வீரன்.

கூடியிருந்தவர்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். யாரோ அவன் நெற்றி நிறையத் திருநீறு பூசிவிட்டார்கள்.

வீட்டுக்கு வந்ததும் மெல்ல ஆரம்பித்தான். "குமுதா, உங்கம்மா சீதனமா குடுத்த குழவியக் காணோம்."

வீடே இரண்டாகும் என்று நினைத்தான். அவளோ சோற்றைப் போட்டாள்.

"போனா போவுது. பிளெண்டர்ல அரைச்சிட்டேன். சாப்பிடுங்க லா."

இந்த அமைதிதான் அவனுக்குப் பயமாக இருந்தது. சோற்றை அப்படியே வைத்துவிட்டு மறுபடியும் ஓடினான். அதற்குள் கல்லுக்கு மேல் தகரக் கூரை ஏறியிருந்தது. வீரன் ஏணியில் நின்று ஆணி அடித்துக்கொண்டிருந்தார்.

மகேந்திரனுக்கு அழுகையே வந்துவிட்டது. "அண்ணே, மொதல்ல மாலை போட்டது யாருண்ணே? அவங்க கால்லயாச்சும் விழுந்து கேட்டுப் பாக்குறேன்."

வீரன் வாயிலிருந்த ஆணியை எடுத்தார்.

"உங்க வீட்டுக்காரம்மாதான் தம்பி. யாரு வந்து அழுதாலும் குடுக்காதீங்கன்னு சொல்லி, இந்தத் தகரத்தையும் அவங்கதான் அனுப்பி வச்சாங்க."