முத்திரைக்கு ஒரு சேதமும் இல்லை

நீதி தாமதமாகிறது என்று புலம்புகிறவர்கள் எங்கள் நீதிமன்றத்துக்கு ஒருமுறை வந்து பார்க்கவேண்டும். நான் அங்கே அமீனா. தீர்ப்பைக் காகிதத்திலிருந்து வாசல்வரை கொண்டுபோகும் மகத்தான பணி என்னுடையது. இதுவரை வாசல்வரை ஒழுங்காகத்தான் கொண்டுபோயிருக்கிறேன்.

தையல்கார அம்மாள் ஒருவர். கீழ்த்தளத்தில் அவருக்குச் சொந்தமாக ஓர் அறை. வாடகைக்கு வந்த பெயின்ட் கடைக்காரர் காலி செய்ய மறுத்துவிட்டார். அம்மாள் வழக்குப் போட்டு, பதினோராவது வருடம் ஜெயித்தார். அதுவரை மாடிப்படிக்கு அடியில் மெஷினைப் போட்டுக் குனிந்தே தைத்ததில் முதுகு வளைந்துவிட்டது.

தீர்ப்போடு போனேன். கடைக்காரர் மரியாதை தெரிந்தவர், எழுந்து நின்றார்.

"இவ்வளவு சரக்க ஒரே நாள்ல எப்படி சார் எடுக்கிறது?"

நியாயமான கேள்வி. சரக்கைப் பட்டியல் எடுக்கும்வரை அறையைப் பூட்டி வைப்பது எங்கள் வழக்கம். முன்கதவைப் பூட்டி, அரக்கு உருக்கி முத்திரை வைத்தேன். பின்கதவுக்கு எங்கள் படிவத்தில் கட்டம் கிடையாது.

மறுநாளே வியாபாரம் பின்பக்கமாக அமோகமாக நடந்தது. அம்மாள் ஓடிவந்தார்.

"சார், அந்தாளு உள்ளதான் இருக்காரு!"

"முத்திரை உடைஞ்சிருக்கா?"

"இல்ல சார்."

"அப்ப உள்ள யாரும் இல்லம்மா."

"என் கண்ணால பார்த்தேன். பெயின்ட் கலக்குறாரு!"

"மனு போடுங்க."

போட்டார். கடைக்காரர் ஒரு வாய்தாவுக்கும் வரவில்லை. நீதிமன்றம் எட்டு மாதம் "பெருந்தன்மையோடு" காத்திருந்தது. ஒன்பதாம் மாதம் மாடிப்படிக்கு அடியில் மழைத் தண்ணீர் புகுந்து மெஷின் நாசமாயிற்று. அம்மாள் நேரே போய், கத்தரிக்கோலால் முத்திரையைப் பெயர்த்து, பூட்டை உடைத்துத் தன் அறைக்குள் நுழைந்தார்.

நீதிமன்றம் கொதித்தெழுந்தது. மறுநாள் காலையே அவமதிப்பு விசாரணை. கடைக்காரர் முதல்முறையாக வந்து சாட்சி சொன்னார்.

"தூசி தட்டக்கூட அந்த முத்திரை மேல கை வச்சதில்லீங்க."

நீதிபதி நெகிழ்ந்துபோனார். இத்தனை பொறுப்பானவரிடமே அறையைத் "தற்காலிகமாக" ஒப்படைத்துவிட்டு, அம்மாள் பக்கம் திரும்பினார்.

"கோர்ட்ட மதிக்கத் தெரியாதாம்மா உங்களுக்கு?"

"மதிச்சுதாங்க பன்னிரண்டு வருஷம் நடையா நடந்தேன். மதிக்காதவரு இன்னிக்குத்தான் வந்திருக்காரு."

ஏழு நாள் சிறை. இந்தப் பதிலுக்காக மேலும் ஒரு நாள்.

நானேதான் அழைத்துப்போனேன். வழியெல்லாம் அந்த வளைந்த முதுகைப் பார்க்க எனக்கு வெட்கமாக இருந்தது. ஆனாலும் கடமை தவறவில்லை, நாலு மணிக்குள் அவரை உள்ளே வைத்துப் பூட்டியாயிற்று. என் இருபத்தாறு வருட சேவையில், போட்ட அன்றைக்கே முழுதாக நிறைவேறிய ஒரே உத்தரவு இதுதான்.