வெள்ளை மாடும் செக்கிங் மருமகளும்

கால்நடைத் துறையைத் தனி ஆளாகத் தோற்கடித்தவர் மயிலைக்காரர் ஒருவர்தான். தோற்ற துறையின் ஆய்வாளன் என்ற முறையில் சொல்கிறேன்.

பல்லடத்துக்குத் தெற்கே பஸ் இறங்கி, நாலு மைல் சைக்கிள் மிதித்தால் அவருடைய மேய்ச்சல் காடு. நாற்பது மாடு; நாற்பதும் மயிலை, அதாவது சாம்பல் பூசிய வெள்ளை. முதலில் காதில் நம்பர் தோடு, அப்புறம் ஊசி, அப்புறம் பதிவேடு என்பது விதி. அவரோ, “ஏனுங்க, உங்க ஊட்டுல புள்ளைகளுக்கு நெம்பர் போட்டுத்தான் சோறு வெப்பீங்களா?” என்பார். எல்லா மாட்டையும் முகம் பார்த்தே சொல்வார்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அங்கே மருமகளாக வந்தாள் திருப்பூர் வேலம்பாளையத்துச் சாந்தாமணி. பனியன் கம்பெனியில் ஏழு வருஷம் செக்கிங். மூன்று மாதமாகியும் மாமனார் அவள் சமைத்ததைத் தொடவில்லை. வேப்பமரத்தடியில் தனி அடுப்பு. “மாடு தெரியாத கை போட்ட சோறு எறங்காதுங்க.” மகன் வெறுத்துப்போய், மனைவியோடு திருப்பூருக்கே குடிபோகக் கட்டிலைப் பிரித்து வைத்துவிட்டான்.

அந்த நேரம் பார்த்து நான் கோமாரி ஊசியோடு போய்ச் சேர்ந்தேன். பட்டியிலிருந்து மயிலைக்காரர் ஒவ்வொன்றாக அனுப்ப, ஊசி போட்ட மாட்டின் கழுத்தில் சாந்தாமணி, கம்பெனியில் பழுதான பீஸுக்குக் கட்டுவதுபோல, சிவப்புப் பனியன் துண்டைக் கட்டினாள். துறைக்குத் தோன்றாத யோசனை. பாதி முடிந்தபோதுதான் அவர் திரும்பிப் பார்த்தார்.

“என்ற மாடு என்ன ரிஜெக்ட் பீஸா?”

பாய்ந்து வந்து அத்தனையையும் அவிழ்த்து வீசினார். கோபத்தில் பட்டியின் படலைத் திறந்துபோட்டு வந்ததால் போட்டதும் போடாததும் கலந்துவிட்டன.

“எனக்குத் தெரியுமுங்க. இந்த லச்சுமிக்குப் போடுங்க” என்றார்.

“அது வள்ளிங்க மாமா. போட்டாச்சு” என்றாள் சாந்தாமணி. “இடது கண்ணோரம் கடுகாட்டம் மரு இருக்குது பாருங்க. லச்சுமிக்கு வலப்பக்கமுங்க.”

அவர் குனிந்தார். மரு இடப்பக்கம். கழுத்தில் ஊசி குத்திய ரத்தப் பொட்டு.

“வெள்ளைத் துணியில ஊசிமுனை ஓட்டையத் தேடுற வேலைங்க எனக்கு. மூணு மாசமா உங்க மாட்டத்தான் பாத்துட்டிருக்கறேன்.”

இன்னொன்றைக் காட்டினார்; சொன்னாள். இன்னொன்று, சொன்னாள். பதினேழோடு நிறுத்திக்கொண்டு, அவளைத் தானே பெற்று வளர்த்தவர்போல என்னைப் பார்த்து, “எப்படீங்க?” என்றார். பிறகு நேரே வீட்டுக்குள் போய் உட்கார்ந்தார். “அம்மிணி, சோறு போடு.”

மகன் கட்டிலை மறுபடி மாட்டினான். நான் மீதி மாடுகளுக்கும் அவள் சொன்னபடி ஊசி போட்டு முடித்து, பதிவேட்டில் அடையாள எண்ணுக்கான கட்டத்தில், நாற்பது முறையும் ‘மருமகள் அறிவார்’ என்று எழுதினேன்.

அடுத்த முறை போனபோது படலருகிலேயே மறித்தார். “இருங்க ஆபீசரு. எம்மருமக வரட்டும். செக்கிங் முடிஞ்சாத்தான் ஊசி.”

எந்த விதியிலும் இல்லாத காத்திருப்பு அது. இன்றைக்குக் கூப்பிட்டாலும் போய் நிற்பேன்.